எடுத்த இடம்

ஹோஷி சானின் கத்தி இறங்கும்போதெல்லாம் குராசோவின் தோள்பட்டை தானாக ஒருமுறை குலுங்கியது. வருஷத்துக்கு ஒருமுறை, இலையுதிர்கால மழை விட்ட மறுவாரம், இந்தக் கொலையைப் பார்க்க அவர் தன் காலாலேயே நடந்து வருகிறார். பலகையில் கிடந்தவை ஏழு மட்சுதாகே காளான்கள். இன்னும் குடை விரியாதவை. அணு உலை வெடிப்பதற்கு முன்பு, பெரணி இலை விரித்த கூடையில் இந்த ஏழையும் அடுக்கிக் கொண்டுபோனால் நகரத்து விடுதிக்காரன் வாசல்வரை ஓடிவந்து குனிந்து வணங்குவான். கூடை பெரிதாக இருந்தால் மண்டியிடுவான். இன்னும் பெரிதாக இருந்தால் பெண்ணைக் கொடுக்கிறேன் என்பான். இப்படித்தான் குராசோ எல்லாரிடமும் சொல்லிவந்தார். எழுபத்தெட்டு வயதில் அவர் சொல்வதில் பாதியை ஊர் நம்பியது. எந்தப் பாதி என்பதில்தான் ஆளுக்கு ஆள் வித்தியாசம்.

தின்னலாமா கூடாதா என்று சொல்லும் இயந்திரத்துக்குக் காளானை முழுசாகக் கொடுக்க முடியாது. அதற்குப் பல் கிடையாது. பொடிப்பொடியாக நறுக்கி, ஊறுகாய் ஜாடி மாதிரியான ஒரு பிளாஸ்டிக் டப்பாவில் இண்டு இடுக்கு இல்லாமல் அழுத்தி அடைத்து ஊட்டிவிட வேண்டும். அரை மணி நேரம் மென்றுவிட்டு ஓர் எண்ணைத் துப்பும். கதிரியக்கம் கிலோவுக்கு நூறு பெக்கரெலுக்குள் இருந்தால் தின்னலாம். ஆனால் தின்பதற்கு அப்போது காளான் இருக்காது, கொத்துக்கறிதான் இருக்கும். கவலைப்பட ஒன்றுமில்லை. வெடித்து இது எட்டாவது இலையுதிர்காலம், ஊர்க் காளானுக்கு ஒருமுறைகூட அந்தச் சிக்கல் வந்ததில்லை.

"படிவத்த நிரப்பிட்டீங்களா, குராசோ சான்?" என்றாள் ஹோஷி சான், கத்தியை நிறுத்தாமல். அளக்கும் அறையில் அவள் ஒருத்திதான் வேலை. பழைய பள்ளிக்கூடத்தின் சமையல் வகுப்பு அது. மாணவர்கள் இல்லாத பள்ளிக்கூடத்தில் அடுப்பு மேடைகள் மட்டும் முழங்கால் உயரத்தில் காத்துக்கொண்டிருந்தன.

"நிரப்பிட்டேன், நிரப்பிட்டேன். இதோ பாரு, எவ்வளவு அழகா எழுதியிருக்கேன்."

பெயர், வயது, பொருள், எடை எல்லாம் நிஜம். கடைசிக் கட்டம் 'எடுத்த இடம்'. அதில் குராசோ இந்த வருஷம் 'தபால் நிலையத்துக்குப் பின்புறம்' என்று எழுதியிருந்தார்.

மட்சுதாகே முளைக்கும் மண்திட்டை அந்த மலைக்காரர்கள் கோட்டை என்பார்கள். தன் கோட்டை எங்கே என்று யாரும் யாருக்கும் சொல்வதில்லை. மனைவிக்குச் சொல்வதில்லை. பெற்ற பிள்ளைக்குக்கூடச் சாகும்போதுதான் சொல்வார்கள், அதுவும் வைத்தியர் இரண்டு தடவை உறுதி செய்த பிறகு. குராசோவின் அப்பா அவசரப்பட்டுச் சொல்லிவிட்டுப் பிழைத்துக்கொண்டார். அதற்குப் பிறகு பதினோரு வருஷம் மகனோடு பேசவில்லை. இப்படிப்பட்ட ஊரில் 'எடுத்த இடம்' என்று ஒரு கட்டம் போட்டவன் கண்டிப்பாகத் தலைநகரத்துக்காரனாக இருக்க வேண்டும். ஊர் மொத்தமும் அந்தக் கட்டத்தில் பொய்யை எழுதியது. கூச்சமே இல்லாமல், கை நடுங்காமல் எழுதியது.

பொய்யெல்லாம் சுவரில் ஒரு பெரிய வரைபடமாகத் தொங்கியது. நூறுக்குள் என்றால் நீலக் குண்டூசி, ஆயிரம்வரை மஞ்சள், அதற்கு மேல் சிவப்பு. ஊரே அம்மை போட்டது மாதிரி சிவந்திருந்தது. சுடுகாட்டில் ஐயாயிரம். செத்துப்போன ஊர்த்தலைவரின் குளியலறையில் ஏழாயிரத்து முந்நூறு. நரிக்குளத்தின் நட்டநடுத் தண்ணீரில் பதினாலாயிரம். பல்கலைக்கழகத்திலிருந்து மூன்று பேர் வந்து இந்த வரைபடத்தைப் பார்த்துத் தலையைச் சொறிந்து, படமெடுத்துக்கொண்டு, மறுபடியும் சொறிந்துகொண்டே போனார்கள்.

நரிக்குளத்துப் பதினாலாயிரம் தெய்ஜியுடையது. குராசோவும் தெய்ஜியும் ஒரே வருஷம் பிறந்து, ஒரே வகுப்பில் ஃபெயிலாகி, அறுபது வருஷமாக ஒருவர் கோட்டையை ஒருவர் மோப்பம் பிடித்துத் திரிந்தவர்கள். தின்ன முடியாத காளானில் போட்டிபோட வேறு என்ன இருக்கிறது? எண்ணில் போட்டி. "என்னோடது பதினாலாயிரம்டா! உன்னோடது என்ன, வெறும் ஒன்பதாயிரமா? உன் மலைக்கு ரத்தசோகை!" என்று தெய்ஜி கடைவீதியில் கத்தினான். கடைவீதி என்றால் ஒரே ஒரு கடை. வெடிப்பில் ஊரைக் காலிசெய்து போய்த் திரும்பி வந்த ஜனம் நூற்றுச்சொச்சம். எல்லாம் கிழம். காட்டுப்பன்றிகளுக்கு ஓட்டுரிமை கொடுத்தால் ஊராட்சி அவற்றின் கைக்குப் போய்விடும்.

அந்த எரிச்சலில் போன இலையுதிர்காலத்தில் குராசோ ஒரு காரியம் செய்தார். வடக்கே இரண்டு மாகாணம் தாண்டிய ஊரில் விளைந்த மட்சுதாகேயைக் கடையில் வாங்கி, தன்னுடையது என்று அளக்கக் கொடுத்தார். 'கண்டறியப்படவில்லை' என்று இயந்திரம் துப்பியது. எடுத்த இடம் என்ற கட்டத்தில், பேனா போன போக்கில், 'காக்கை முகடு' என்று கிறுக்கினார். தெய்ஜி வீட்டுக்குப் பின்னாலிருக்கும் மலைமுகடு அது. கிழவன் ஒரு வருஷம் அதில் ஏறி இறங்கி முட்டி தேயட்டும் என்பதுதான் திட்டம். ஏழு வருஷத்தில் முதல் நீலக் குண்டூசி. ஹோஷி சான் அதைக் குத்தும்போது கண் கலங்கினாள். அதுகூட அப்போது சிரிப்பாகத்தான் இருந்தது.

"உங்களுக்குத் தெரியுமா?" ஹோஷி சான் டப்பாவை மூடினாள். "தெய்ஜி சானோட பேத்தி வருதாம். ஞாயித்துக்கிழமை. அந்த நீல ஊசிய போட்டோ புடிச்சு மகனுக்கு அனுப்பினாராம். எட்டு வருஷத்துல ஊருக்குள்ள வர்ற முதல் குழந்த, குராசோ சான். காக்கை முகட்டுக்குக் கூட்டிட்டுப் போயி, காளான் பறிச்சு, சோறாக்கிப் போடப்போறாராம். எனக்கு மோச்சி இனிப்பு வாங்கிட்டு வந்து குடுத்தாரு."

இயந்திரம் எண்ணைத் துப்பும்வரை குராசோ நிற்கவில்லை.

தெய்ஜியின் வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் பழைய நெல்வயல்களில் கறுப்பு மூட்டைகள் அடுக்கடுக்காகக் கிடந்தன. ஊரின் மேல்மண் முழுவதும் அவற்றுக்குள் இருந்தது. வீட்டைச் சுற்றி இருபது மீட்டர்வரை சுரண்டி, மணல் கொட்டிச் சுத்தம் செய்தது அரசாங்கம். இருபத்தோராவது மீட்டரிலிருந்து காடு. காட்டை யாரால் சுரண்ட முடியும்? கதிர்வீசும் சீசியத்துக்கு அந்த எல்லைக்கோட்டைப் படித்துக் காட்டியிருப்பார்கள்போல என்று குராசோ பலமுறை பலரையும் சிரிக்க வைத்திருக்கிறார். உண்மையைச் சொல்லிவிட வேண்டும், வாசலிலேயே நின்று சொல்லிவிட்டுத் திரும்பிவிட வேண்டும் என்று உதட்டுக்குள் ஒத்திகை பார்த்துக்கொண்டே நடந்தார்.

"வாடா திருட்டுப் பயலே! மோப்பம் புடிச்சிட்டியா?" தெய்ஜி வாசல் மணலை வாரிக்கொண்டிருந்தான்.

"உன் மலையில திருட என்னடா இருக்கு? சீசியமா?"

"மூட்டை மூட்டையா அள்ளிட்டுப் போ. இனாம்." தெய்ஜிக்கு முன்பல் இரண்டு இல்லை. ஆனாலும் அன்றைக்குப் போல அத்தனை பல் தெரிய அவன் சிரித்து குராசோ பார்த்ததில்லை. "உள்ள வா. ஒண்ணு காட்டறேன். தொடக் கூடாது."

கூடத்தில், புத்தர் மாடத்துக்குக் கீழே, செய்தித்தாள் விரித்து அதன்மேல் ஒரு ஜோடி மழைக்காலணி. இளஞ்சிவப்பு. முனையில் முயல் காதுகள். குராசோவின் கட்டைவிரலை விட்டால் அடைத்துக்கொள்ளும் அளவு. பக்கத்தில் உள்ளங்கையகலக் கூடை ஒன்று. தெய்ஜியே பின்னியதாம். கேவலமாக இருந்தது.

"சுஸுவுக்கு ஆறு வயசுடா. பெறந்ததிலேருந்து இந்த ஊர் மண்ண மிதிச்சதில்ல. மருமக சரின்னுட்டா. ஆறு வருஷமா நான் அழுது பாத்தேன், கத்திப் பாத்தேன், செத்துப்போயிடுவேன்னு சொல்லிப் பாத்தேன். எதுவும் ஆகல. ஒரு குண்டூசியால ஆச்சு."

"காட்டுக்குள்ளயா கூட்டிட்டுப் போற?"

"பின்ன? காளான் கட்டில் அடியிலயா மொளைக்கும்? அரை மணி நேரம். மூணே மூணு காளான். ஒரு கிண்ணம் சோறு. அவ்வளவுதான் கேட்டேன்."

குராசோ வாயைத் திறந்தார். முயல் காதுகளில் ஒன்று மடிந்திருந்தது. தெய்ஜி குனிந்து அதை நிமிர்த்திவிட்டான்.

"மழை வரும்போல இருக்கு," என்றார் குராசோ.

"வரட்டும். அதுக்குத்தான இது," என்று தெய்ஜி காலணியைக் காட்டினான்.

சொல்ல முடியாதவன் செய்யத்தான் வேண்டும். மறுநாள் குராசோ தன் சின்ன வண்டியை வடக்கே ஐந்து மணி நேரம் ஓட்டினார். அந்த வண்டி மூன்று மணி நேரத்துக்கு மேல் ஓடினால் சாமிக்கு நேர்ந்துகொள்ள வேண்டியிருக்கும். சந்தையில் ஒவ்வொரு காளானாக எடுத்து மோந்து, கடைக்காரியின் பொறுமையைச் சோதித்து, ஒன்பது தேர்ந்தெடுத்தார்.

"பரிசு குடுக்கவா ஐயா? டப்பாவுல வச்சுத் தரட்டுமா?"

"இல்லம்மா. நடறதுக்கு."

கடைக்காரி பச்சைத் தாளில் சுற்றிக் கொடுத்துவிட்டு, அவர் போகும்வரை பார்த்துக்கொண்டே நின்றாள்.

சனிக்கிழமை விடிந்தும் விடியாததுமாகக் காக்கை முகட்டில் ஏறினார். கையில் கூடை, இடுப்பில் சின்ன மண்வெட்டி. கணக்கு எளிது. தெய்ஜி எப்படியும் முகட்டு உச்சியிலிருக்கும் பாறையைத் தாண்டித்தான் பிள்ளையைக் கூட்டிவருவான். அங்கே சிவப்புப் பைன் மரத்தடியில் ஒன்பதையும் நட்டுவைத்தால், பிள்ளை பறிப்பதும் தின்பதும் வெளியூர்க் காளானாக இருக்கும். உலகத்திலேயே மட்சுதாகேயை மண்ணில் நட்ட முதல் மடையன் என்று தன் பெயர் நிலைக்கும். கிவா உயிரோடு இருந்திருந்தால் விழுந்து விழுந்து சிரித்திருப்பாள். அவர் மனைவி கிவா ஊர் திரும்பும் முன்பே, நகரத்தின் தற்காலிகக் குடியிருப்பில், மெல்லிய சுவருக்கு அந்தப் பக்கம் யாரோ தொலைக்காட்சி பார்த்துக்கொண்டிருந்த ஒரு மத்தியானத்தில் போய்ச்சேர்ந்துவிட்டாள்.

பாறைக்கு அப்பால் ஏதோ மண்ணைக் கிளறும் சத்தம். பன்றி. குராசோ மண்வெட்டியை ஓங்கிக்கொண்டு எட்டிப் பார்த்தார்.

தெய்ஜி முழங்காலிட்டிருந்தான். ஒரு கையால் குழி பறித்து, மறு கையால் ஒரு காளானை அதில் நிறுத்தி, தொட்டிலில் பிள்ளையைக் கிடத்துகிறவன் மாதிரி சுற்றிலும் மண்ணை அணைத்துக்கொண்டிருந்தான். பக்கத்தில் கூடை. கூடைக்குள் பச்சைத் தாள். அதே கடை.

இருவரும் ஒருவர் கூடையை ஒருவர் பார்த்தார்கள். பிறகு தெய்ஜிதான் ஆரம்பித்தான். பல் போன வாயில் காற்று விசிலடிக்கச் சிரித்தான். குராசோவும் சிரித்தார். எதிர் மலையிலிருந்த காக்கையெல்லாம் எழுந்து பக்கத்து மாகாணத்துக்கே போய்விடும் அளவுக்குச் சிரித்தார்கள்.

"அப்போ தெரியுமாடா உனக்கு? அந்த ஊசி பொய்யின்னு?"

"உன் கோணக் கையெழுத்து ஊருக்கே தெரியுமே! ஹோஷி சான்கிட்ட படிவத்த வாங்கிப் பாத்தேன். அதுவும் எங்க குத்தியிருக்க? நீ நிக்கிற எடத்தப் பாரு, மடையா. இதான்டா என் கோட்ட. நரிக்குளத்துப் பதினாலாயிரம் இங்க எடுத்ததுதான்."

அறுபது வருஷம் தேடிய இடத்தில் குராசோ நின்றுகொண்டிருந்தார். காலைத் தூக்கி வைக்கக்கூடக் கூச்சமாக இருந்தது. பிறகுதான் கீழே பார்த்தார்.

பைன் மரத்தைச் சுற்றி ஒரு பெரிய கூடத்தின் அளவுக்குத் தரையில் பாசி இல்லை, சருகு இல்லை, வேர்முடிச்சு இல்லை. ஒரு சாண் ஆழத்துக்குச் சுரண்டப்பட்டு, அதன்மேல் தோட்டக் கடைகளில் விற்கும் சுத்தமான மரப்பட்டைத் தூள் பரப்பியிருந்தது. குராசோ மண்டியிட்டு விரலால் தோண்டினார். மரப்பட்டை. அதற்குக் கீழே வாங்கிவந்த மணல். அதற்குக் கீழே மஞ்சள் களிமண். கோட்டை என்பது காளான் இல்லை. மேல்மண்ணில், பைன் வேரைப் பின்னிக்கொண்டு, சாம்பல் பூத்தது போல ஓடும் வெள்ளைப் பூஞ்சைப் பின்னல்தான் கோட்டை. அது ஒரு சாணுக்குள்ளேயே இருக்கும். கேடும் அந்த ஒரு சாணுக்குள்ளேயேதான் இருந்தது.

"கோட்ட எங்கடா?" என்றார் குராசோ.

தெய்ஜி முகவாயால் காட்டினான். சரிவில், புதருக்குப் பின்னால், கறுப்பு மூட்டைகள். அரசாங்க மூட்டைகளைப் போலப் பெரிதல்ல, ஒரு கிழவன் தூக்கும் அளவு. நாற்பதுக்கு மேல் இருக்கும்.

"போன பனி உருகினதும் சுரண்டினேன். பிள்ள நிக்க ஒரு சுத்தமான எடம் வேணுமில்ல? எங்கப்பாவும் அவங்கப்பாவும் காத்து வச்சது. அத அழிக்க எனக்குப் பதினஞ்சு நாளாச்சு." அவன் இடுப்பிலிருந்து கதிர்மானியை எடுத்துத் தரையருகே பிடித்தான். "சுரண்டறதுக்கு முந்தி ரெண்டரை காட்டுச்சு. சுரண்டினதும் ஒண்ணு. ஆடிக் குதிச்சேன்டா. இப்ப பாரு."

இரண்டு என்று காட்டியது.

"எப்படி?"

"மேல பாரு."

குராசோ அண்ணாந்தார். மரங்கள். எட்டு வருஷமாக வேர் வழியாகக் குடித்த சீசியத்தை ஊசியிலை ஊசியிலையாக, சத்தமில்லாமல், அவர் தொப்பிமேலும் தோள்மேலும் புதிய மரப்பட்டைத் தூள்மேலும் உதிர்த்துக்கொண்டிருக்கும் மரங்கள்.

தெய்ஜி கையிலிருந்த காளானைப் பார்த்தபடி பேசினான். "அரை மணி நேரந்தான். ஆஸ்பத்திரில ஒரு படம் புடிக்கிறதுல நூத்துல ஒரு பங்குகூட இல்ல, கணக்குப் போட்டு வச்சிருக்கேன். ஆனாலும் ராவுல தூக்கம் வரல. நீ சொல்லு. கூடாதுன்னு சொல்லு குராசோ. நீ ஒரு வார்த்த சொன்னா நான் போன் பண்ணி வரவேணாமுன்னுடறேன். என் வாயால எனக்குச் சொல்ல வரல."

இந்த ஊருக்குள் ஒரு குழந்தையின் சத்தம் கேட்டு எட்டு வருஷம். குராசோ பச்சைத் தாளைப் பிரித்து, தன் முதல் காளானை எடுத்து, குழி பறிக்க ஆரம்பித்தார்.

"வரிசையா நடாதடா," என்றார் சிறிது நேரம் கழித்து. "காளான் என்ன ராணுவமா?"

"உன்னோடது மட்டும் என்ன, சாராயம் குடிச்ச மாதிரி சாஞ்சு நிக்குது."

பதினாறு காளான்கள். நட்டு முடித்து எட்ட நின்று பார்த்தபோது உண்மையிலேயே முளைத்தது போலத்தான் இருந்தது. அதைப் பார்த்து அவர்கள் சந்தோஷப்பட்டார்கள். அதுதான் கொடுமை.

ஞாயிற்றுக்கிழமை காலையில் பன்றி வராமல் காக்கக் குராசோ கம்போடு முகட்டில் உட்கார்ந்திருந்தார். பாறையிலிருந்து பார்த்தால் ஊரின் நுழைவாயிலான பாலம் தெரியும். பாலத்தின் முனையில் கதிர்வீச்சைக் காட்டும் பலகை, பகலிலும் சிவப்பு எண்களோடு. பத்து மணிக்கு ஒரு வெள்ளைக் கார் வந்து அந்தப் பலகையருகே நின்றது. பலகை சொன்ன எண் சின்னதுதான். சுற்றிலும் சுரண்டிய இடத்தில்தானே பலகையை நட்டிருக்கிறார்கள். ஒரு பெண் இறங்கினாள், தெய்ஜியின் மருமகளாக இருக்கும். பலகையைப் பார்த்தாள். பிறகு கைப்பையிலிருந்து கதிர்மானி போன்ற எதையோ எடுத்துக்கொண்டு, தார் முடிந்து பாசி தொடங்கும் இடத்துக்குப் போய்க் குனிந்தாள். கையிலிருந்ததைப் பாசியருகே பிடித்தபடி அப்படியே இருந்தாள்.

காரின் பின்ஜன்னல் இறங்கியது. ஒரு சின்னக் கை வெளியே வந்து காற்றில் விரல்களை விரித்து விரித்து மூடியது.

தெய்ஜி வீட்டிலிருந்து ஓடிக்கொண்டிருந்தான். அவன் ஓடி குராசோ பார்த்து ஐம்பது வருஷமிருக்கும். ஒவ்வொரு கையிலும் ஒரு காலணி. பெண் நிமிர்ந்தாள். திரும்பி ஜன்னல் பக்கம் ஏதோ சொன்னாள். கை உள்ளே போனது, கண்ணாடி ஏறியது. தெய்ஜி பாலத்தை நெருங்கும்போது அவள் அவனைப் பார்த்துக் குனிந்து வணங்கினாள். இடுப்புவரை மடிந்த வணக்கம். நிமிரவே மாட்டாளோ என்று குராசோ நினைக்கும் அளவுக்கு நீண்டது. நிமிர்ந்ததும் முகத்தைத் துடைத்துக்கொண்டு காரில் ஏறினாள். கார் பின்வாங்கித் திரும்பியது. பாலத்தில் தெய்ஜி மட்டும், முயல் காதுகளோடு.

அன்று சாயங்காலம் பிடித்த மழை விடியும்வரை விடவில்லை.

திங்கட்கிழமை அளக்கும் அறைக்கு இருவரும் சேர்ந்து போனார்கள். கார் திரும்பிப்போனது ஊருக்கே தெரிந்திருந்தது. தெய்ஜி கூடையைப் பலகைமேல் வைத்தான். மண் ஒட்டிய, மழையில் ஊறிக் கறுத்த பதினாறு காளான்கள்.

"கழுவிடவா?" என்றாள் ஹோஷி சான்.

"வேணாம். அப்படியே போடும்மா. வெளியூர்க்காரங்க. ரெண்டு ராத்திரி நம்ம ஊருல தங்கியிருக்காங்க. எவ்வளவு சீக்கிரம் உள்ளூர்க்காரங்களாகறாங்கன்னு பாப்போம்."

சிரிக்க வேண்டிய இடம். குராசோ தன்னால் முடிந்தவரை சிரித்தார். கத்தி இறங்க ஆரம்பித்தது.

தெய்ஜி படிவத்தை இழுத்துப்போட்டு எழுதினான். கடைசிக் கட்டத்தில் பேனா நின்றது. பிறகு ஓடியது. காக்கை முகடு. உச்சிப் பாறையிலிருந்து தெற்கே பதினேழு அடி. இரட்டைக் கிளை பிரியும் சிவப்புப் பைன். அதன் கிழக்கு வேர். கட்டம் போதவில்லை. ஓரத்தில் ஏறி, காகிதத்தைத் திருப்பி, மேல்விளிம்பு வழியாகவும் எழுதிக்கொண்டே போனான். எந்த மழைக்கு எத்தனையாவது நாள், எந்த மூலையில் முதலில் தலை தூக்கும், அவன் அப்பா எங்கே உட்கார்ந்து புகை பிடிப்பார். குராசோ தலையைத் திருப்பிக்கொண்டார், பக்கத்திலிருப்பவர் உடை மாற்றும்போது திருப்பிக்கொள்வது போல.

ஹோஷி சான் டப்பாவை இயந்திரத்துக்குள் வைத்து மூடினாள். படிவத்தை எடுத்துப் படித்தாள். இரண்டாவது தடவையும் படித்தாள்.

"தெய்ஜி சான், இது நிஜ எடமா?"

"இனிமே என்னம்மா," என்றான் தெய்ஜி.

அவள் சுவரருகே போய்க் காக்கை முகட்டிலிருந்து நீலக் குண்டூசியைப் பிடுங்கினாள். அந்த இடத்தில் ஒரு துளை, எறும்புக் கண்ணளவு, அதன் வழியே பின்னாலிருந்த சுவரின் வெள்ளை தெரிந்தது. இயந்திரம் மெல்லத் தொடங்கியிருந்தது. திரையில் எண்கள் ஓடின. அரை மணி நேரம் ஆகும். உள்ளங்கையில் நீலம் ஒன்றும் சிவப்பு ஒன்றுமாக ஹோஷி சான் வரைபடத்துக்கு முன்னால் நின்றாள். கிழவர்கள் இருவரும் பிள்ளைகளுக்காகச் செய்த முழங்கால் உயர மேடையில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து, அந்தத் துளையையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.